ரசீது இல்லாத சேலை

அந்தச் சேலையைச் சுருட்டினால் ஒரு கைப்பிடிக்குள் அடங்கிவிடும். அதற்காகத்தான் அந்த வீட்டில் ஒரு தீபாவளி முழுக்கப் பேச்சு நின்றுபோனது.

1976. தீபாவளிக்கு இன்னும் மூன்று நாள். மெட்ராஸிலிருந்து ரயிலேறி, திண்டுக்கல்லில் மாறி, அம்பாத்துரை நிலையத்தில் இறங்கி நடந்தே காந்திகிராமத்து வீட்டுக்கு வந்துசேர்ந்தார் சித்தப்பா. அவளுக்கு அப்போது பதினொரு வயது. சித்தப்பா வந்தால் பையைத் திறக்கும்வரை பக்கத்தைவிட்டு நகரமாட்டாள். அன்றைக்குப் பையிலிருந்து முதலில் வந்தது பழைய செய்தித்தாளில் சுற்றிய ஒரு பொட்டலம்.

"மதினி, இது உங்களுக்கு. சப்பான் நைலக்ஸ்."

இளம்பச்சையில் சின்னச் சின்ன ஊதாப்பூ. அம்மா அதை விரிக்கவில்லை. ஈரக்கையை முந்தானையில் இரண்டு தடவை துடைத்துக்கொண்டு, ஒரு விரலால் மட்டும் தடவிப் பார்த்தார். பிறகுதான் எடுத்தார். எடுத்தவர் சிரித்துவிட்டார். "என்ன தம்பி, கையில எதுவும் இருக்கிற மாதிரியே இல்லையே!"

திண்ணையில் தக்ளியோடு உட்கார்ந்திருந்த அப்பா தலை நிமிர்ந்தார்.

"எங்க வாங்குனது?"

"நம்ம கடைதான் அண்ணே. பர்மா பஜார்."

"ரசீது இருக்கா?"

சித்தப்பா அதை வேடிக்கையாக எடுத்துக்கொண்டு சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை.

அந்த வீட்டில் ரசீது என்பது சாதாரண வார்த்தை இல்லை. அப்பாவுக்குக் கதர்ப் பிரிவில் வேலை. சுற்றுப்பட்டுக் கிராமத்துப் பெண்கள் நூற்றுக் கொண்டுவரும் சிட்டங்களை வாங்கி, எடைபோட்டு, நூலின் தரம் பார்த்து, கூலிக்குச் சீட்டு எழுதித் தர வேண்டும். ஒரு சிட்டம் என்றால் 1000 மீட்டர் நூல். அதில் ஒரு மீட்டர் குறைந்தாலும் நூற்றவளுக்கு நஷ்டம், கூடினாலும் கணக்கு உதைக்கும். நாள் முழுக்கச் சீட்டெழுதிய கைக்கு, சீட்டில்லாத பொருள் என்றாலே அரிக்கும்.

காந்திகிராமம் 1947இல் தொடங்கப்பட்டது. டாக்டர் சௌந்தரமும் ஜி.ராமச்சந்திரனும் சின்னாளபட்டிக்குப் பக்கத்தில், சிறுமலை அடிவாரத்தில் உருவாக்கிய இடம். மருத்துவமனை, பள்ளி, கதர், கிராமத் தொழில்கள் என்று ஒவ்வொன்றாக வளர்ந்தது. 1956இல் வந்த கிராமிய நிறுவனம், சித்தப்பா சேலையோடு வந்த அதே 1976இல் நிகர்நிலைப் பல்கலைக்கழகம் ஆனது. அப்பா வாலிப வயதில் அங்கே வேலைக்குச் சேர்ந்தவர். கதரைத் தவிர வேறெதுவும் உடம்பில் ஏற்றுவதில்லை என்று சேர்ந்த அன்றே தீர்மானித்தவர். அந்தத் தீர்மானத்தை எடுக்கும்போது அவருக்குக் கல்யாணம் ஆகியிருக்கவில்லை. பின்னால் வந்த அம்மாவையும் அது சேர்த்துக் கட்டிப்போட்டுவிட்டது.

வருஷத்துக்கு இரண்டு கதர்ச் சேலை. இன்றைய மெல்லிய கதர் இல்லை அது. நனைந்தால் ஆள் கனம் கனக்கும். வாய்க்காலில் அலசிப் பிழிய, ஒரு முனையை அம்மாவும் மறுமுனையை அவளும் பிடித்து எதிரெதிராக முறுக்குவார்கள். அவள் கை சின்னது. பாதியில் நழுவும். "பிடிடீ" என்று அம்மா கத்துவார். மழைக்காலத்தில் ஒரு சேலை காய இரண்டு நாள் ஆகும். காயாத சேலையை அடுப்புக்கு மேலே கொடியில் போட்டு, புகை வாடையோடு கட்டிக்கொண்டு போவார்.

நைலக்ஸ் அப்படியில்லை. துவைத்துப் போட்டுவிட்டு ஒரு குடம் தண்ணீர் எடுத்துவரப் போனால், திரும்புவதற்குள் காய்ந்துவிடும் என்று பக்கத்துத் தெருப் பெண்கள் சொல்லி அம்மா கேட்டிருக்கிறார். அந்த ஆசையில் பகட்டைவிட முதுகுவலிதான் அதிகம். இது அவளுக்குப் புரிய, அவளே ஒரு குடும்பத்துக்குத் துணி துவைக்க வேண்டியிருந்தது.

"தப்பா எடுத்துக்காதீங்க தம்பி" என்றார் அப்பா. "சுங்கம் கட்டாம வந்த சரக்கு. இந்த வீட்டுக்குள்ள வேண்டாம்."

சித்தப்பாவின் முகம் மாறியது. சகலைகளுக்குள் வயது வித்தியாசம் அதிகம். அப்பா பேசினால் எதிர்த்துப் பேசும் பழக்கம் அவருக்கு இல்லை. அன்றைக்குப் பேசினார். சத்தம் போடாமல்தான் பேசினார்.

"ரங்கூன்ல கப்பலேறுறப்ப, இவங்க தங்கச்சி காதுல கிடந்த கம்மலுக்கும் ரசீது கேட்டாங்க அண்ணே."

அம்மா சட்டென்று திரும்பினார். "அத வித்துட்டதால்ல சொன்னா?"

"உங்ககிட்ட அப்படிச் சொல்லச் சொன்னா. அப்பாவுக்குத் தெரிஞ்சா தாங்கமாட்டார்னு."

அந்தக் கம்மல், தாத்தா திண்டுக்கல் ஆசாரியிடம் சொல்லிச் செய்து சித்திக்குப் போட்டது. அதே மாதிரி ஒரு ஜோடி அம்மாவின் காதிலும் கிடந்தது. சித்தி 1950களில் கல்யாணமாகிக் கப்பலேறி ரங்கூன் போனார். சித்தப்பா குடும்பத்துக்கு அங்கே துணிக்கடை. 1962இல் பர்மாவில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. 1964இல் கடைகள் அரசுடைமை ஆயின. அதே ஆண்டு மே மாதம் 50, 100 சாட் நோட்டுகள் செல்லாது என்று அறிவித்தார்கள். கடையும் போய், பெட்டியிலிருந்த பணமும் காகிதமாகிப்போன பிறகு, லட்சத்துக்கும் அதிகமான இந்தியர்கள் அங்கிருந்து கிளம்பினார்கள். பெரும்பாலும் தமிழர்கள். புறப்படும்போது நகையையும் சேமிப்பையும் கொண்டுபோகக் கட்டுப்பாடு. திண்டுக்கல்லில் செய்த கம்மல், திண்டுக்கல்லுக்குத் திரும்பி வர ரங்கூன் துறைமுகத்தில் அனுமதி கிடைக்கவில்லை. அங்கே அது கடத்தல் பொருள்.

"கழட்டுறப்ப அவ அழவே இல்ல" என்றார் சித்தப்பா. "காதுல ஈர்க்குச்சி சொருகிக்கிட்டுத்தான் மெட்ராஸ்ல இறங்குனா."

திண்ணையில் யாரும் பேசவில்லை. அப்பாவின் தக்ளி மடியிலேயே கிடந்தது.

அகதிகளாக வந்தவர்கள் பிழைக்க வேண்டுமே! மெட்ராஸ் கடற்கரை ரயில் நிலையத்தை ஒட்டிய சாலையோரத்தில் 1969இல் அவர்களுக்குச் சின்னச் சின்னக் கடைகள் கிடைத்தன. அதுதான் பர்மா பஜார். அலமாரி மாதிரிக் கடை. உள்ளே ஒருவர் உட்கார்ந்தால் மறு ஆளுக்கு இடமில்லை. அந்த இடத்தில் என்ன விற்றால் ஒரு குடும்பம் சாப்பிட முடியும்? எது ஊரில் கிடைக்காதோ, அதை விற்றால்தான் முடியும்.

ஊரில் கிடைக்காதவை அன்றைக்கு ஏராளம். 1957 வாக்கில் நாட்டின் அந்நியச் செலாவணி இருப்பு கரைந்ததும், இறக்குமதிக்கு அரசு கடுமையான கட்டுப்பாடுகளைக் கொண்டுவந்தது. இயந்திரத்துக்கும் மருந்துக்கும் தானியத்துக்கும் போகத்தான் டாலர். வாட்சுக்கும் டேப் ரெக்கார்டருக்கும் சென்ட்டுக்கும் நைலான் துணிக்கும் கதவு ஏறக்குறைய மூடியே இருந்தது. கதவை மூடினால் ஆசையும் அடங்கிவிடும் என்று நினைத்தது டெல்லி. சரக்கு கதவைச் சுற்றிக்கொண்டு வந்தது. சிங்கப்பூரிலிருந்து கப்பல் பணியாளர்களின் பெட்டியில் வந்தது. துபாயிலிருந்து படகில் வந்தது. இலங்கைக் கரையிலிருந்து இரவுத் தோணியில் வந்தது. ராமநாதபுரம் பக்கத்துப் பனைக்குளத்தில் பிறந்த ஹாஜி மஸ்தான், பம்பாய் துறைமுகத்தில் கூலியாகத் தொடங்கி, தேசமே பேசும் கடத்தல்காரர் ஆனது இந்தக் காலத்தில்தான். 1974 டிசம்பரில் அந்நியச் செலாவணிப் பாதுகாப்பு, கடத்தல் தடுப்புச் சட்டம் வந்தது. 'காஃபிபோசா' என்ற அந்தப் பெயர் பட்டிதொட்டியெல்லாம் தெரிந்துபோனது. விசாரணை இல்லாமலே உள்ளே வைக்கலாம். அடுத்த ஜூனில் நெருக்கடி நிலையும் வந்துவிட்டது. எப்போது வேண்டுமானாலும் சோதனை வரலாம் என்ற பேச்சில்தான், தீபாவளி வியாபாரத்தையும் விட்டுவிட்டுச் சித்தப்பா நான்கு நாள் முன்னதாகவே கிளம்பி வந்திருந்தார். அதை அவர் சொல்லவில்லை. பிற்பாடு சித்தி சொல்லித் தெரிந்தது.

அன்று இரவு, குழந்தைகள் தூங்கிவிட்டார்கள் என்று நினைத்து அப்பாவும் அம்மாவும் பேசிக்கொண்டார்கள். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள்.

"ஒரு சேலை அங்கிருந்து வந்தா, சின்னாளபட்டியில ஒரு தறி அன்னைக்கு நிக்கும். அத யோசிச்சுப் பாத்தியா?"

"தறிக்காரர் வீட்டுப் பொம்பளைங்களும் நைலக்ஸ் கேக்குறாங்க. அத நீங்க யோசிச்சுப் பாத்தீங்களா?"

"யார் கேட்டாலும் தப்பு தப்புதான்."

"உங்க வேட்டிய நீங்களே தொவைக்கிறீங்க, நான் இல்லைனு சொல்லல. உங்க வேட்டி எட்டு முழம். என் சேலை பதினாறு முழம்."

அப்பா பதில் சொல்லவில்லை. சிறிது நேரம் கழித்து அம்மாவே மறுபடி பேசினார். இந்தத் தடவை குரல் தணிந்திருந்தது.

"அறுபத்தாறுல இவ பால்குடியா இருந்தப்ப, அரிசி எங்க வாங்குனீங்க?"

அந்தக் கேள்விக்குப் பின்னால் இருந்ததை அவள் பிறகு துண்டு துண்டாகத்தான் தெரிந்துகொண்டாள். 1965, 66இல் மழை பொய்த்தது. நாடெங்கும் தானியத் தட்டுப்பாடு. ரேஷனில் போடுவது போதாது. ஒரு மாவட்டத்து அரிசியை இன்னொரு மாவட்டத்துக்குக் கொண்டுபோக அனுமதிச் சீட்டு வேண்டும். அதனால் அரிசியே கடத்தல் பொருளானது. காவிரிப் பாசனத்துப் பக்கமிருந்து ரயிலில் வரும் பெண்கள், நீளமான துணிப்பையில் அரிசியை நிரப்பி இடுப்பைச் சுற்றிக் கட்டி, மேலே சேலையைக் கட்டிக்கொள்வார்கள். பார்த்தால் மாசமாக இருப்பவர்கள் போலத் தெரியும். அப்படி ஒருத்தி அம்பாத்துரையில் இறங்குவாள். விளக்கு வைத்த பிறகு, நிலையத்துக்குப் பின்புறம், புளியமரத்தடி. கதர்ச் சட்டை போட்ட ஒருவர் அங்கே போய், துண்டை விரித்து நான்கு படி அரிசி வாங்கி வந்தார். விலை பல மடங்கு. அந்த அரிசிக் கஞ்சியில்தான் அம்மாவுக்குப் பால் சுரந்தது. அந்தப் பாலில்தான் அவள் பிழைத்தாள்.

"வாங்குனேன்" என்றார் அப்பா இருட்டில். "இல்லைன்னா சொன்னேன்?"

"ரசீது வாங்குனீங்களா?"

அதற்கப்புறம் அந்த அறையில் பேச்சே இல்லை.

மறுநாள் காலை அப்பா வழக்கத்தைவிடச் சீக்கிரம் எழுந்துவிட்டார். சித்தப்பா வேப்பங்குச்சியோடு நின்றுகொண்டிருந்த இடத்துக்குப் போனார். அவளும் செம்பில் தண்ணீர் எடுத்துக்கொண்டு பின்னாலேயே போனாள். அப்பா மன்னிப்புக் கேட்கப்போகிறார் என்று நினைத்தாள். அவர் உப்பைப் பற்றிப் பேசினார்.

1930 ஏப்ரலில் ராஜாஜி, சுமார் நூறு தொண்டர்களோடு திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு நடந்தார். 150 மைல். அப்போது தஞ்சாவூர் கலெக்டராக இருந்த தார்ன், இவர்களுக்குச் சோறோ தங்க இடமோ கொடுத்தால் சிறை என்று உத்தரவு போட்டார். ஜனங்கள் சோற்றுப் பொட்டலங்களைச் சாலையோர மரக்கிளைகளில் கட்டித் தொங்கவிட்டார்கள். கொடுத்தவர் யாரென்று தெரியாது, எடுத்துக்கொள்ளலாம். ஏப்ரல் 30ஆம் தேதி வேதாரண்யத்தில் உப்பு அள்ளினார்கள். அள்ளியவர்களைப் பிடித்து உள்ளே போட்டார்கள். அந்தச் சமயம் அப்பா பள்ளிக்கூடம் போகும் பையன். அவருடைய பெரியப்பா எங்கிருந்தோ ஒரு பொட்டலம் அந்த உப்பைத் திண்டுக்கல்லுக்குக் கொண்டுவந்து, எல்லோர் நாக்கிலும் ஒரு கல் வைத்தாராம். "திருட்டு உப்புடா, பத்திரம்!" என்று சொல்லிச் சிரித்தாராம்.

"அந்த உப்பும் சட்டப்படி கள்ளச் சரக்குதான் தம்பி. ஆனா எடுத்தவங்க பேரைச் சொல்லி, பகல்ல எடுத்தாங்க. நான் அரிசி வாங்குனது ராத்திரியில. அது ரெண்டுக்கும் வித்தியாசம் உண்டுனு எனக்குத் தெரியும். உங்க கதை அது ரெண்டுலயும் சேராது. வீட்டையே பறிகொடுத்துட்டு வந்தவங்ககிட்ட, நான் ரசீது கேட்டிருக்கக் கூடாது."

சித்தப்பா வாயைக் கொப்பளித்துவிட்டு, "விடுங்கண்ணே" என்றார்.

"ஆனா சேலை வேண்டாம்கிறது வேண்டாம்தான்."

"அதுவும் தெரியும் அண்ணே" என்றார் சித்தப்பா. இருவரும் சிரித்தார்கள். அந்தச் சிரிப்பில் சேராத ஒரே ஆள், அடுப்படியில் தோசைக்கு மாவு கரைத்துக்கொண்டிருந்த அம்மா.

சேலையைத் திருப்பிக் கொடுப்பது மரியாதை இல்லை. தங்கை கொடுத்தனுப்பியது. கட்டவும் முடியாது. அதனால் அது டிரங்குப் பெட்டியின் அடியில், பாச்சை உருண்டைகளோடு போய்ச் சேர்ந்தது. தீபாவளியன்று அப்பா சித்தப்பாவுக்கு ஒரு கதர் வேட்டியும் சட்டைத்துணியும் எடுத்துக் கொடுத்தார். அதற்கு ரசீது இருந்தது. சித்தப்பா அந்த ரசீதையும் வாங்கி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார்.

தை மாதம் ஒரு மத்தியானம் அவள் பள்ளியிலிருந்து சீக்கிரம் வந்தாள். வாசல் கதவு உள்பக்கம் தாழ் போட்டிருந்தது. கொல்லைப் பக்கமாகச் சுற்றி வந்தாள். உள்ளே அம்மா அந்த இளம்பச்சைச் சேலையில் நின்றுகொண்டிருந்தார். சுவரில் மாட்டிய கண்ணாடி ஒரு சாண்தான் இருக்கும். முகம் பார்த்தால் தோள் தெரியாது, தோள் பார்த்தால் இடுப்பு தெரியாது. அம்மா குனிந்தும் நிமிர்ந்தும் சேலையைத் துண்டு துண்டாகப் பார்த்துக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் திடுக்கிட்டார். பிறகு, "நல்லாருக்கா?" என்று கேட்டார்.

அம்மா அவளிடம் அபிப்பிராயம் கேட்டது அதுதான் முதல் தடவை. "நல்லாருக்கும்மா" என்றாள். பத்து நிமிஷத்தில் சேலை மறுபடி பெட்டிக்குப் போய்விட்டது. "அப்பாகிட்ட சொல்லாத" என்று அம்மா சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இருக்கவில்லை.

வருஷங்கள் போயின. 1985இல் திண்டுக்கல் தனி மாவட்டம் ஆனது. 1963இல் கொண்டுவந்த தங்கக் கட்டுப்பாட்டை, எத்தனையோ ஆசாரிகளின் பிழைப்பைக் கெடுத்த பிறகு, 1990இல் விலக்கிக்கொண்டார்கள். 1991இல் பொருளாதாரக் கொள்கையே மாறியது. 1992இல், வெளிநாட்டில் ஆறு மாதத்துக்கு மேல் இருந்துவிட்டுத் திரும்புகிறவர்கள் தீர்வை கட்டி ஐந்து கிலோ வரை தங்கம் கொண்டுவரலாம் என்றானது. மடியில் கட்டிக் கொண்டுவந்ததைக் கையில் பிடித்துக்கொண்டே வரலாம். பர்மா பஜாரின் மவுசும் மெல்லக் குறைந்தது. எது எல்லாக் கடையிலும் கிடைக்கிறதோ, அதை ரகசியமாக விற்க முடியாது அல்லவா?

நைலக்ஸ் சேலையும் அதற்குள் மவுசு இழந்துவிட்டது. 1993 வாக்கில் ஒருநாள், பழைய துணிக்கு எவர்சில்வர் பாத்திரம் கொடுக்கும் பெண் கூடையோடு தெருவில் வந்தாள். அம்மா அப்பாவின் கிழிந்த வேட்டிகளோடு அந்தப் பச்சைச் சேலையையும் கொண்டுவந்து போட்டார். பாத்திரக்காரி கதரைத் தூக்கிப் பார்த்துவிட்டு, "இது கரித்துணிக்குத்தான் ஆகும்" என்று தள்ளினாள். நைலக்ஸை விரித்துப் பார்த்தாள். ஒரு கிழிசல் இல்லை. ஒரு நிறம் மங்கவில்லை. நீண்ட பேரத்துக்குப் பிறகு ஒரு தூக்குவாளி கிடைத்தது. மூடியும் சேர்த்து.

"எத்தனை தடவை கட்டுன?" என்று அப்பா கேட்டார்.

"ஒரு தடவைகூட இல்ல" என்றார் அம்மா, தூக்குவாளியைத் தட்டிப் பார்த்துக்கொண்டே.

அம்மா 1996இல் இறந்தார். அடுத்த வருஷம் தீபாவளிக்கு அவள் குழந்தைகளோடு காந்திகிராமம் போயிருந்தாள். அப்பாவுக்கு அப்போது கண் மங்கிவிட்டது. ஆனாலும் விரல்கள் நூலை விடவில்லை. சித்தப்பா காலமாகிவிட்டிருந்தார். சித்தியிடமிருந்து தபாலில் ஒரு சேலை வந்திருந்தது அவளுக்கு. பொட்டலத்தைப் பிரிக்கும் சத்தம் கேட்டு அப்பா, "என்ன நிறம்?" என்றார்.

"பச்சைப்பா."

கொஞ்ச நேரம் ராட்டை மட்டும் சுற்றியது.

"அந்தப் பச்சைச் சேலை உங்கம்மாவுக்கு நல்லாத்தான் இருந்துச்சு."

அவள் கை அப்படியே நின்றது. "நீங்க எப்பப்பா பாத்தீங்க?"

"ஒருநாள் மத்தியானம் கண்ணாடிய மறந்துட்டுப் போயிட்டேன். எடுக்க வந்தேன். வாசல் தாழ் போட்டிருந்துச்சு. ஜன்னல் வழியாப் பாத்தேன்." ஒரு இழை அறுந்தது. அதை விரலால் தடவித் தடவி முடிபோட்டார். "கண்ணாடி இல்லாமயே அன்னைக்குச் சீட்டு எழுதிட்டேன்."

"அம்மாகிட்ட சொல்லியிருக்கலாமேப்பா."

"என்னன்னு சொல்றது? கட்டிக்கோனு சொல்ல என் வாய் வராது. கட்டாதனு சொல்ல அவளைப் பாத்த பிறகு மனசு வராது."

இப்போது அவளும் ஆசிரியை வேலையிலிருந்து ஓய்வுபெற்றுவிட்டாள். தினமும் காலையில் செய்தித்தாளில் ஏதோ ஒரு கடத்தல் செய்தி கண்ணில் படுகிறது. விமான நிலையத்தில் பசை வடிவில் தங்கம். 2013இல் தங்கத்தின் இறக்குமதித் தீர்வையைப் 10 சதவீதமாக ஏற்றினார்கள். பிறகு அது 15 வரை போய், 2024 ஜூலையில் 6 ஆகக் குறைந்தது. உள்ளே ஒரு விலை, வெளியே ஒரு விலை என்று இருக்கும்வரை நடுவில் யாரோ ஒருவர் பையோடு நடந்துகொண்டுதான் இருப்பார். இன்னொரு பக்கம், தேனி வழியாகக் குமுளி, கம்பம் மெட்டு, போடி மெட்டுப் பாதைகளில் கேரளாவுக்குப் போகும் ரேஷன் அரிசி மூட்டைகள் பிடிபடுகின்றன. தமிழ்நாட்டில் 2011 ஜூன் முதல் விலையில்லாமல் கொடுக்கப்படும் அரிசி. இதற்கென்றே காவல்துறையில் தனிப் பிரிவு இருக்கிறது.

அந்த மூட்டைகளின் படத்தைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்கு இடுப்பில் அரிசி கட்டிவந்த அந்தப் பெண்ணின் நினைவு வரும். அவளை இவள் பார்த்ததில்லை. பெயரும் தெரியாது. மூட்டை மூட்டையாக லாரியில் ஏற்றுகிறவனையும், நான்கு படியை வயிற்றில் கட்டி வந்தவளையும் சட்டம் ஒரே பெயரில்தான் கூப்பிடும். வேறு வழியும் அதற்குக் கிடையாது. ஆனால் ஒரு வீட்டுக்குள் அந்த இரண்டையும் பிரித்துப் பார்க்க முடியும். அவளுடைய அப்பாவால் முடிந்தது. பிரித்துப் பார்த்த பிறகும் தன் தீர்மானத்தை விடாமல் இருக்கவும் முடிந்தது. அதற்கான விலையை அதிகம் கொடுத்தது அவர் இல்லை, அம்மாதான் என்பதும் அவளுக்குத் தெரியும்.

போன வருஷம் பேரனோடு சென்னை போனபோது, கடற்கரை ரயில் நிலையத்துக்கு எதிரே அவன் செல்போன் உறை வாங்க நின்றான். வரிசையாக அதே அலமாரிக் கடைகள். சித்தப்பாவின் கடை எது என்று அவளால் கண்டுபிடிக்க முடியவில்லை. நிமிர்ந்து தெருப் பெயர்ப் பலகையைப் பார்த்தாள். ராஜாஜி சாலை. உப்புக்காக நடந்தவரின் பெயரில் இருக்கும் சாலையில்தான் இத்தனை காலமும் கடத்தல் சரக்கு விற்றிருக்கிறது. அப்பா இருந்திருந்தால் சிரித்திருப்பார் என்று தோன்றியது.

பேரன் பணம் கொடுத்துவிட்டு நகர்ந்தான்.

"ரசீது வாங்கினியாடா?" என்று கேட்டாள்.

"முப்பது ரூவா உறைக்கு யாராவது ரசீது கேப்பாங்களா பாட்டி?" என்றான் அவன்.

அன்று இரவு காந்திகிராமத்துக்குத் திரும்பும் ரயிலில் இருவரும் சாப்பிட எலுமிச்சம்பழச் சோறு கட்டி எடுத்து வந்திருந்தாள். அந்தத் தூக்குவாளியில்தான். மூடி இன்னும் இறுக்கமாகத்தான் இருக்கிறது. திறக்கும்போது அம்மாவைப் போலவே அவளும் ஒருமுறை தட்டிப் பார்த்துக்கொள்கிறாள்.